மேல்கட்டிலில் இன்னும் ஒரு ராத்திரி

நெடுந்தூரம் ஓடப் போகிறவர்கள் முந்தின நாள் என்ன செய்ய வேண்டும் என்று யாராவது தெரியாத்தனமாக என்னிடம் கேட்டுவிட்டால் அவர்கள் பாடு திண்டாட்டம்தான். தண்ணீரை மடக் மடக்கென்று குடிக்காதே, காலையிலிருந்தே கொஞ்சம் கொஞ்சமாகக் குடி என்பேன். புது சாக்ஸ், புது ஷூ எதையும் அன்றைக்குப் பிரிக்காதே என்பேன். கால் நகத்தை நேராக வெட்டு, ஓரத்தைத் தோண்டாதே. காரம் வேண்டாம், பட்டாணி வேண்டாம், ஓசியில் கிடைத்தாலும் பிரியாணி வேண்டாம். ராத்திரி எப்படியும் தூக்கம் வராது, அதனால் மத்தியானமே தூங்கி வைத்துக்கொள். இப்படி நான் அடுக்கிக்கொண்டே போனால் என் வீட்டுக்காரர் மெதுவாக எழுந்து வெளியே போய்விடுவார். இந்தப் பேச்சு கடைசியில் எங்கே போய் நிற்கும் என்று அவருக்குத் தெரியும்.

அது போய் நிற்கிற இடம், ஒரகடத்திலிருந்து வாலாஜாபாத் போகிற சாலையில் இருந்த ஒரு பெண்கள் ஹாஸ்டல். செல்போன் பாகங்கள் செய்கிற கம்பெனி ஒன்று தன்னிடம் வேலை பார்க்கிற பெண்களுக்காக ஒரு கட்டடத்தை வாடகைக்கு எடுத்து நடத்தியது. அறைக்கு ஆறு பேர், ஒன்றன்மேல் ஒன்றாக இரட்டைக் கட்டில்கள். கீழ்க்கட்டிலில் நான். எனக்கு மேலே சங்கரன்கோவில் பக்கத்துப் பெண் ஒருத்தி. நான் விளாத்திகுளம் பக்கம். இரண்டு பேரும் தெக்கத்தி என்பதால் முதல் நாளே ‘ஏட்டி’ போட்டுப் பேச ஆரம்பித்துவிட்டோம். அவள் எனக்கு முந்தின பேட்ச், வயதும் ஒன்றிரண்டு கூட. ஆனால் அதிகாரம் பண்ணுவது எப்போதும் நான்தான். அவள் சிரித்துக்கொண்டே கேட்டுக்கொள்வாள். அந்தச் சிரிப்பு எனக்குச் சில நேரம் எரிச்சலாகக்கூட இருக்கும்.

லைனில் எங்களுக்கு நிற்கிற வேலை. ஷிப்ட் முழுக்க ஒரே இடத்தில் நின்று, முன்னால் நகர்ந்து வருகிற தட்டில் ஒரு சின்னத் துண்டை ஒட்டி, பக்கத்தில் நிற்பவளிடம் தள்ள வேண்டும். வேலை முடிந்து பஸ்ஸில் ஏறி உட்கார்ந்தால் கால் இரண்டும் யாருடையதோ போல மரத்துக் கிடக்கும். கெண்டைக்காலைப் பிடித்துக்கொண்டு அழுகிற பெண்களை நான் பார்த்திருக்கிறேன். ஒருநாள் அவள், "நின்னே செத்த காலுக்கு ஓட்டம்தான் மருந்துட்டி" என்று சொல்லிவிட்டு, ஹாஸ்டல் கட்டடத்துக்கும் காம்பவுண்டு சுவருக்கும் நடுவே இருந்த சந்தில் ஓடத் தொடங்கினாள். சும்மா விளையாட்டுக்கு என்று நானும் பின்னால் ஓடினேன். அப்புறம் அது தினப்படி ஆகிவிட்டது.

கேட்டுக்கு வெளியே ஓட அனுமதி கிடையாது. அனுமதி கொடுத்திருந்தாலும் அது கன்டெய்னர் லாரிகள் போகிற ரோடு. அதனால் கட்டடத்தையே சுற்றினோம். ஒரு பக்கமாகச் சுற்றினால் ஜெனரேட்டர் புகை நேராக மூஞ்சியில் அடிக்கும். அதற்குப் பயந்து எப்போதும் இடது கைப் பக்கமே திரும்பித் திரும்பி ஓடினோம். இதில் ஒரு கோளாறு இருக்கிறது என்று எங்கள் மண்டைக்கு உறைக்கவே இல்லை. கம்பெனி விளையாட்டு விழாவில் மைதானத்தில் நேராக ஓடச் சொன்னபோதுதான், அவள் நேராக ஓடத் தெரியாமல் இடது பக்கமாகவே சாய்ந்து போய் அடுத்த கோட்டில் ஓடியவளை இடித்துத் தள்ளினாள். எனக்கு இடுப்பு ஒரு பக்கம் மட்டும் வலித்தது. அதன் பிறகு மூக்கில் துணியைக் கட்டிக்கொண்டு மறு பக்கமாகவும் ஓடிப் பழகினோம். எங்கள் வார்டன் படப்பைப் பக்கத்து அம்மா, அம்பது வயதுக்காரர். எங்களைப் பார்த்தாலே தலையில் அடித்துக்கொள்வார். "இன்னாம்மா இது, செக்கு மாடாட்டம் சுத்திகினே கீறீங்க? நின்ன கால் வலிக்குதுன்னா குந்துங்களேன்" என்பார்.

தொழிற்பேட்டைக் கம்பெனிகள் சில சேர்ந்து ஒரு ஞாயிற்றுக்கிழமை காலையில் இருபத்தொரு கிலோமீட்டர் ஓட்டம் நடத்தப் போவதாக மெஸ் வாசலில் காகிதம் ஒட்டியிருந்தார்கள். அதைப் பார்த்ததிலிருந்து அவளுக்கு இருப்புக்கொள்ளவில்லை. அவளுடைய ஒப்பந்தம் முடிகிற நேரம் அது. எங்கள் மாதிரிப் பெண்களைக் குறிப்பிட்ட காலத்துக்குத்தான் எடுப்பார்கள். காலம் முடிந்தால் கழுத்தில் மாட்டுகிற அடையாள அட்டையைக் கொடுத்துவிட்டு ஊருக்குப் போய்விட வேண்டியதுதான். ஓட்டம் முடிந்து மூன்று வாரம் கழித்துத்தான் தனக்கு முடிகிறது என்று அவள் கணக்குப் போட்டிருந்தாள். "போறதுக்கு முன்னாடி ஒரு தரம், எங்கயும் திரும்பாம நேரா ஓடிப் பாத்துறணும்ட்டி" என்றாள். இரண்டு பேரும் பேர் கொடுத்தோம். ஞாயிற்றுக்கிழமைகளில் வேலை பார்த்து, அதற்கு ஈடாக ஓட்டத்துக்கு முந்தின சனிக்கிழமையை லீவாக வாங்கி வைத்துக்கொண்டோம். அந்த ஒரு நாளை எப்படிக் கழிப்பது என்று நான் யூடியூபில் பார்த்துப் பார்த்து மனப்பாடம் செய்து வைத்திருந்தேன்.

வெள்ளிக்கிழமை ஷிப்ட் முடிந்து பஸ்ஸில் வரும்போது அவள் தன் போனை என் மடியில் வைத்தாள். கம்பெனியிலிருந்து ஒரு மெசேஜ். ஒப்பந்தக் காலம் இன்றோடு முடிகிறது, நாளை அட்டையும் சீருடையும் லாக்கர் சாவியும் ஒப்படைத்துவிட்டு மாலைக்குள் ஹாஸ்டலைக் காலி செய்யவும் என்று இருந்தது.

"ஆள் மாத்தி அனுப்பிருப்பான்" என்று நான் கத்தினேன். பஸ்ஸே திரும்பிப் பார்த்தது. அவள் விரல் விட்டு எண்ணிப் பார்த்தாள். பிறகு, "பயிற்சி ஹால்ல இருந்த நாளயும் சேத்துட்டாங்கட்டி" என்றாள்.

எங்களில் யாருமே பயிற்சிக் கூடத்தில் உட்கார்ந்திருந்த வாரங்களை வேலைக் கணக்கில் சேர்க்க மாட்டோம். அங்கே நீலக் கோட்டு கிடையாது, லைன் கிடையாது. திரையில் படம் போட்டுக் காட்டுவார்கள், நாங்கள் தூங்கி வழிவோம். கோட்டை மாட்டிக்கொண்டு லைனில் போய் நின்ற நாள்தான் எங்களுக்கு வேலைக்கு வந்த நாள். வீட்டுக்கும் அதைத்தான் சொல்வோம், ஒரு வருஷம் ஆனால் அறையில் கேக் வெட்டுவதும் அந்தத் தேதிக்குத்தான். கம்பெனி, பயிற்சிக் கூடத்துக்குள் காலெடுத்து வைத்த நாளிலிருந்து எண்ணியிருந்தது. அவர்கள் எண்ணியதில் தப்பு ஒன்றும் இல்லை. அதனால்தான் எனக்கு வந்த கோபத்தை யார் மேல் கொட்டுவதென்று தெரியவில்லை.

ஓட்டத்துக்கான நம்பர் துணி முன்னமே கைக்கு வந்துவிட்டது. பேர் பதிவாகியிருந்தது. ஓடக்கூடாது என்று யாரும் சொல்லவில்லை. அவளுக்குத் தேவைப்பட்டது சனிக்கிழமை ராத்திரி படுக்க ஒரு கட்டில். அது மட்டும்தான். ஆனால் அது ஹாஸ்டல் கட்டிலாக இருக்க வேண்டும். சனிக்கிழமை விடிந்ததும் ஊருக்குப் போன் போட்டபோது அவள் அம்மா கண்டிப்பாகச் சொல்லிவிட்டார். "ஹாஸ்டல்ல இருக்க விட்டா இருந்து ஓடிட்டு வா. வெளியில எங்கயும் ஒரு ராத்திரி தங்கக் கூடாது. விடலன்னா சாயங்காலமே பஸ் ஏறிரு." வல்லக்கோட்டையில் கல்யாணமாகி வாடகைக்கு இருந்த பழைய தோழி ஒருத்தியை நான் நினைத்து வைத்திருந்தேன். அம்மாவிடம் ஹாஸ்டலில்தான் இருக்கிறேன் என்று சொல்லிவிட்டு அங்கே தங்கலாமே என்றேன். அவள் ஒத்துக்கொள்ளவில்லை. "அம்மாட்ட பொய் சொல்லிட்டு அம்புட்டு தூரம் ஓட முடியாதுட்டி. மூச்சு வாங்கும்" என்றாள்.

வார்டன் அம்மா ஸ்கூட்டியை நிறுத்தி ஹெல்மெட்டைக் கழற்றுவதற்கு முன்பே நாங்கள் போய் நின்றோம். அவர் கேட்டுவிட்டுப் பெருமூச்சு விட்டார்.

"சாயங்காலம் கார்டு குடுத்துட்டேன்னா உன் பேரே இங்க இருக்காதும்மா. பேர் இல்லாத பொண்ண நான் எப்டி உள்ள படுக்க வெக்கிறது?"

"ஒரே ஒரு ராத்திரி மேடம்" என்றேன். "விடியறதுக்கு முன்னாடி ஓட்டத்துக்கு பஸ் வந்துரும். அவ படுத்த எடமே தெரியாது."

"ஒரு ராத்திரியோ ஒம்போது ராத்திரியோ, என் கையில இன்னா கீது? ஆபீஸ்ல பெரியவராண்ட கேட்டுப் பாக்கறேன். சனிக்கிழமை, மத்தியானத்துக்கு மேலதான் போன எடுப்பாரு. அஞ்சு மணிக்கு வாங்க." போகும்போது திரும்பிப் பார்த்து, "நல்லபடியா சொல்லிக் கேக்கறேம்மா" என்றார். அவர் சொன்ன விதத்தில் எனக்குப் பாதி நம்பிக்கை வந்தது.

அஞ்சு மணி வரை என்ன செய்வது என்று அவள் படிக்கட்டில் உட்கார்ந்துவிட்டாள். பெட்டி கட்டுவதா, ஓட்டத்துக்கு எடுத்து வைப்பதா என்று கேட்டாள். எனக்கு வந்ததே கோபம். "இல்லைன்னு சொல்லுத வரைக்கும் ஆமான்னுதான் இருக்கணும். அஞ்சு மணிக்கு விடுதோம்னு சொன்னப்புறம் தண்ணி குடிக்க ஆரம்பிச்சா நாளைக்குப் பாதி ரோட்டுல விழுந்து கெடப்ப" என்று ஒரு பாட்டில் தண்ணீரை அவள் கையில் திணித்தேன். உப்பும் சர்க்கரையும் எலுமிச்சையும் போட்டுக் கலக்கியது. அவள் வாங்கிக் குடித்தாள். அப்படியே அந்த நாள் ஆரம்பமானது.

எதிலும் குறை வைக்கவில்லை. சனிக்கிழமை என்றால் மெஸ்ஸில் தக்காளிச் சாதமும் காரச் சேவும். நான் சமையல்கட்டுக்குள்ளேயே போய், எங்கள் இரண்டு பேருக்கும் வெறும் சாதமும் தயிரும் அவித்த உருளைக்கிழங்கும் வாங்கினேன். சமைக்கிற அக்கா, "ரெண்டு பேருக்கும் பேதியா?" என்று எல்லாரும் கேட்கும்படி கேட்டார். நாளைக்கு அது வந்துவிடக்கூடாது என்றுதான் இன்றைக்கு இந்தச் சாப்பாடு என்று விளக்கினேன். அவள் தட்டில் நான் இன்னொரு கரண்டி சாதம் போட்டேன். முடியவில்லை என்றாள், விடவில்லை. காலுக்கு அரிசிதான் பெட்ரோல் என்று அந்த யூடியூப் அண்ணன் சொன்னதைச் சொன்னேன்.

நகம் வெட்டினோம். அவளுக்குக் காலைத் தொட்டாலே கூச்சம். நெளிந்து நெளிந்து சிரித்தாள். கட்டைவிரல் நகம் ஒன்று கருத்துப் போயிருந்தது. அதை மெதுவாகச் சீவி விட்டேன். குதிகாலில் வெடிப்பு இருந்த இடத்தில் வேஸ்லின் தடவி சாக்ஸை மாட்டச் சொன்னேன்.

பிறகு என் கட்டிலில் எல்லாவற்றையும் பரப்பினோம். மறுநாள் போடப்போகிற டி-ஷர்ட்டில் நம்பர் துணியை ஊக்கு குத்திச் சுருக்கம் இல்லாமல் மாட்டினோம். ஷூ கயிற்றை அவிழ்த்துப் புதிதாகக் கோத்தோம். கட்டிலின் இன்னொரு ஓரத்தில் அவளுடைய பெட்டி வாயைத் திறந்துகொண்டு கிடந்தது. சாயங்காலத்துக்குள் எப்படியானாலும் அதையும் கட்டி முடித்தாக வேண்டும். மேல்கட்டிலில் இருந்து அவள் ஒவ்வொன்றாக இறக்கினாள். போர்வை, வாளி, இஸ்திரிப் பெட்டி, சாமி படம். துண்டைக் கையில் வைத்துக்கொண்டு, "இத எதுல வைக்க?" என்று கேட்டாள். "ஓட்டத்துல வை" என்றேன். சாக்ஸைக் காட்டினாள். "ஓட்டத்துல." தலைக்கு மாட்டுகிற பட்டையைக் காட்டினாள். "அதையும் ஓட்டத்துல வைட்டி, எத்தன தரம் கேப்ப" என்று சீறினேன். கொஞ்ச நேரத்தில் பெட்டிக்குப் போக வேண்டியவற்றைக்கூட அவள் என்னிடம் காட்டிக் கேட்க ஆரம்பித்திருந்தாள். அப்போதுதான் அவள் விளையாடவில்லை, நிஜமாகவே தடுமாறுகிறாள் என்று எனக்குப் புரிந்தது.

மத்தியானம் அறையில் மற்றவர்கள் ஷிப்டுக்குப் போயிருந்தார்கள். இரண்டு பேரும் தரையில் பாய் விரித்து, காலைச் சுவரில் தூக்கி வைத்துப் படுத்தோம். நின்று நின்று காலில் இறங்கிய ரத்தம் திரும்பட்டும் என்று ஒரு வைத்தியம். நாலு பாதங்களும் சுவரில் வரிசையாக இருந்தன. ஊருக்குப் போய் என்ன செய்வாய் என்று அதுவரை நான் அவளிடம் கேட்டதில்லை. அன்றைக்குக் கேட்டேன்.

"தீப்பெட்டி ஆபீசுக்குத்தான். அம்மா சொல்லி வச்சிருக்கு" என்றாள். எங்கள் பக்கத்தில் தீப்பெட்டித் தொழிற்சாலையை அப்படித்தான் சொல்வோம். "அங்க உக்காந்து செய்யுத வேலை. கால் வலிக்காது."

"ஓட்டத்த விட்டுறாதட்டி. அங்கயும் காலைல ஓடு."

அவள் சிரித்தாள். "எங்க ஊர்ல ஒரு பொம்பளப்புள்ள ரோட்டுல ஓடுனா, யாருக்கு என்னாச்சுன்னு கேட்டுக்கிட்டு நாலு பேர் பின்னாலயே ஓடி வருவாங்கட்டி. அவங்களுக்குப் பதில் சொல்லுததுக்குள்ள விடிஞ்சிரும்."

நானும் சிரித்தேன். எங்கள் ஊரும் அப்படித்தான். அவளுக்கு இது முதல் ஓட்டம் என்றுதான் அதுவரை நினைத்திருந்தேன். இதுதான் கடைசியும் என்று சுவரில் காலை வைத்துக்கொண்டு படுத்திருந்தபோது தெரிந்தது. காட்டிக்கொள்ளாமல், "பேசாத, தூங்கு" என்று அதட்டினேன். கெட்டிக்காரி, சொன்னபடி தூங்கிவிட்டாள். நான் மின்விசிறியைப் பார்த்துக்கொண்டு கிடந்தேன்.

அவள் எழுந்தபோது கம்பெனி ஆள் கீழே வந்து உட்கார்ந்திருந்தார். அட்டை, கோட்டு, சாவி எல்லாவற்றையும் வாங்கிக்கொண்டு கையெழுத்துப் போடச் சொன்னார். நல்ல மனிதர்தான். நன்றாக வேலை பார்த்தாய் என்று சொல்லிக் கை கொடுத்தார். அதற்குப் பிறகு தண்ணீர் பிடிக்க மெஸ்ஸுக்குப் போனோம். வாசலில் அட்டையைக் காட்டினால்தான் கதவு திறக்கும். அவள் கை பழக்கத்தில் கழுத்துக்குப் போய்த் துழாவிவிட்டு இறங்கியது. நான் என் அட்டையைக் காட்டி அவளையும் இழுத்துக்கொண்டு உள்ளே போனேன்.

அஞ்சு அடிப்பதற்குள் ஆபீஸ் அறை வாசலில் நின்றோம். வார்டன் அம்மா எங்களைப் பார்த்ததும் எழுந்து வந்தார். அந்த முகத்தைப் பார்த்ததுமே தெரிந்துவிட்டது.

"மொதல்ல சரின்னுதாம்மா சொன்னாரு" என்றார். "ஒரு ராத்திரிதான, இருந்துட்டுப் போட்டும்னாரு. நான் போன வெச்சிருக்கலாம். உனக்கு நல்லது பண்றதா நெனச்சிகினு, பாவம் சார் அந்தப் பொண்ணு, நாளைக்கு இருபத்தியோரு கிலோமீட்டர் ஓடப் போவுது, அதுக்கோசரம்தான் கேக்குதுன்னு எடுத்துச் சொன்னேன். உடனே குரல் மாறிப் பூட்சு. ஓடப் போவுதா, வழியில மயங்கி விழுந்துச்சுன்னா யாரு பதில் சொல்றது, நம்ம ஆளும் இல்ல, நம்ம ஹாஸ்டல்ல இருந்து போயிருக்குன்னு ஆயிடும், இன்ஷூரன்ஸ் கீது, அது கீதுன்னு... வேணாம், ஆறு மணிக்குள்ள அனுப்பிடுன்னாரு."

படுப்பதற்கு மட்டும் கேட்டிருந்தால் கிடைத்திருக்கும். எதற்காகக் கேட்டோமோ அதைச் சொன்னதால் போய்விட்டது. "உங்கள யாரு அத சொல்லச் சொன்னா?" என்று அந்த அம்மாவிடம் கத்தினேன். "அவ ஓடுனா என்ன, ஒக்காந்தா என்ன அவருக்கு? நீங்க தெரியாத மாதிரி இருந்துருங்க மேடம். கதவச் சாத்திக்கிட்டு உங்க ரூம்ல படுங்க. நாங்க பாத்துக்கிடுதோம்."

"ராத்திரி ஆள் எண்ணுவாங்கம்மா. ஒண்ணு கூட இருந்தா எனக்கு வேலை பூடும். நானும் உங்களாட்டம் கான்ட்ராக்டுதான்." அவர் கண்கள் கலங்கிவிட்டன. "நான் வாய வெச்சிகினு சும்மா இருந்திருக்கலாம்" என்று திரும்பத் திரும்பச் சொன்னார்.

அவள் என் கையைப் பிடித்து இழுத்தாள். "விடுட்டி. மேடம் நல்லதுக்குத்தான சொன்னாங்க." அந்த நேரத்திலும் அவளுக்கு அடுத்தவர் மனசு நோகக் கூடாது. எனக்கு அவள் மேலும் ஆத்திரமாக வந்தது. கொஞ்சம் அழுதால்தான் என்ன என்று தோன்றியது. அவள் அழவில்லை. மேலே போய், கட்டிலில் ஓட்டத்துக்கு என்று வைத்திருந்ததையெல்லாம் எடுத்துப் பெட்டியில் அடுக்கினாள். டி-ஷர்ட்டில் இருந்து நம்பர் துணியைக் கழற்றி என்னிடம் நீட்டி, "வேற யாராச்சும் ஓடுவாங்கன்னா குடுத்துரு" என்றாள். "ஒன் நம்பர்ல ஒருத்தியும் ஓட வேண்டாம்" என்று அதைப் பிடுங்கி அவள் பெட்டிக்குள்ளேயே திணித்தேன்.

சிங்கப்பெருமாள் கோயிலில் போய் நின்றால் தெற்கே போகிற பஸ் கிடைக்கும். அதுவரை தானே கொண்டுபோய் விடுகிறேன் என்று வார்டன் அம்மா ஸ்கூட்டியை எடுத்தார். பெட்டியைக் காலடியில் வைத்துக்கொண்டார். நானும் ஷேர் ஆட்டோ பிடித்துப் பின்னால் வருகிறேன் என்றேன். அவள் கேட்டிலேயே என்னை நிறுத்திவிட்டாள்.

"வராதட்டி. அங்க போய் எம்புட்டு நேரம் நிக்கணுமோ. முந்தின நாள் நிக்கக் கூடாது, நடக்கக் கூடாதுன்னு நீதான சொன்ன. போய்ச் சாப்பிட்டுப் படு."

"நான் ஓடப் போறதில்ல" என்றேன்.

"அடிச்சுப் போடுவேன்" என்றாள். அவள் என்னை அதட்டியது அந்த ஒரு தடவைதான். வாளியைக் கையில் மாட்டிக்கொண்டு ஸ்கூட்டியின் பின்னால் ஏறினாள். ஷிப்ட் பஸ்கள் வரிசையாக வந்துகொண்டிருந்தன. அவற்றுக்கு வழி விட்டு அந்த ஸ்கூட்டி ரோட்டில் இறங்கிப் போனது.

அவள் சொன்னபடி சீக்கிரமே சாப்பிட்டுவிட்டுப் படுத்தேன். கொஞ்ச நேரத்தில் போன் வந்தது. பஸ்ஸிலிருந்து பேசினாள்.

"ஏட்டி, தண்ணியா குடிக்க வச்சுக் கொன்னுட்டியே! இன்னும் திண்டிவனம் தாண்டல. ரெண்டு தரம் பஸ்ஸ நிறுத்தச் சொல்லிட்டேன். கண்டக்டர் மொறைக்காரு."

எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது. அவளும் சிரித்தாள். பக்கத்து சீட்டு அம்மா, பிள்ளைக்கு சர்க்கரையா என்று கேட்டாராம்.

"பேசாம தூங்கிக்கிட்டே போட்டி" என்றேன்.

"எங்கிட்டுத் தூங்க? அதான் மத்தியானமே தூங்கியாச்சுல்லா. பசியும் இல்ல. காலு ரெண்டும் சும்மா இருக்க மாட்டேங்கு. துறுதுறுன்னு வருது. முன்சீட்டுல இடிச்சுக்கிட்டே இருக்கேன்."

அவளுக்கு ஒன்றும் தோன்றவில்லை, வெள்ளந்தியாகச் சொன்னாள். எனக்குத்தான் தாங்கவில்லை. வேண்டிய மட்டும் தண்ணீர், வேண்டிய மட்டும் சாதம், வேண்டிய மட்டும் தூக்கம். ஓடுவதற்கு ஒரு உடம்பை எப்படித் தயார் செய்ய வேண்டுமோ அப்படித் தயார் செய்து, ராத்திரி முழுக்க ஒரு பஸ் சீட்டில் உட்கார வைத்துவிட்டோம். போனைப் பொத்திக்கொண்டு அழுதேன். லைன் கட்டாகிவிட்டது என்று நினைத்து அவள் ஹலோ ஹலோ என்றாள்.

மறுநாள் ஓடினேன். அதைப் பற்றிச் சொல்ல அதிகம் இல்லை. இருட்டு விலகுவதற்கு முன்பே அகலமான அந்த ரோட்டில் கூட்டம் நின்றது. லாரிகளை நிறுத்தி வைத்திருந்தார்கள். வழியெல்லாம் கம்பெனி கேட்டுகள், தண்ணீர் மேசைகள், கை தட்டுகிற செக்யூரிட்டி ஆட்கள். பாதிக்கு மேல் தொடை பிடித்துக்கொண்டது. நடந்துவிடலாம் என்று தோன்றியபோதெல்லாம் அவள் மேல் கோபப்பட்டேன். எதற்கு அவள் மேல் என்று தெரியவில்லை, ஆனால் அந்தக் கோபம்தான் என்னை நகர்த்தியது. முடித்துவிட்டு ஓரமாகப் போய் உட்கார்ந்து, வாழைப்பழத்தைக் கையில் வைத்துக்கொண்டு அவளுக்குப் போன் போட்டேன்.

அவள் ஊர் போய்ச் சேர்ந்திருந்தாள். பின்னால் பாத்திரம் கழுவுகிற சத்தம் கேட்டது.

"முடிச்சியாட்டி?"

"முடிச்சுட்டேன்."

அவள் ஒரு கூச்சல் போட்டாள். அம்மாவிடம் கத்திச் சொன்னாள். பிறகு ஒவ்வொன்றாகக் கேட்க ஆரம்பித்தாள். ரோடு நேராவே போச்சா? எங்கயும் திரும்பலையா? மேடு இருந்துச்சா? தண்ணி எங்க எங்க வச்சிருந்தாங்க? எந்த எடத்துல கஷ்டமா ஆச்சு? அப்போ என்ன செஞ்ச? நான் ஒன்றும் விடாமல் சொன்னேன். ஒரு மேம்பாலம் வந்ததைச் சொன்னபோது, எவ்வளவு நீளம், அதில் மூச்சு எப்படி இருந்தது என்று நிறுத்திக் கேட்டாள். அவள் அங்கே தன் வீட்டில் நின்றுகொண்டு ஒவ்வொரு கிலோமீட்டராக ஓடிக்கொண்டிருக்கிறாள் என்று எனக்குப் புரிந்தது. அதனால் அவசரப்படாமல் கடைசி வரை சொன்னேன்.

எல்லாம் சொல்லி முடித்தபோது பாத்திரச் சத்தம் நின்றிருந்தது. வாசலுக்கு வந்துவிட்டாள் போல.

"நானும் முடிச்சிருப்பேன்லா?" என்று கேட்டாள்.

"பெறகு? எனக்கு முன்னாடியே முடிச்சிருப்ப."

"ஒனக்கு எப்படித் தெரியும்?"

கேலியாகக் கேட்கவில்லை. நிஜமாகவே தெரிந்துகொள்ள வேண்டும் என்று கேட்டாள். எல்லாவற்றுக்கும் பதில் வைத்திருக்கிற எனக்கு, வாய் ஓயாமல் அதிகாரம் பண்ணுகிற எனக்கு, அதற்கு ஒரு வார்த்தை வரவில்லை. அவளே பிறகு, "சரிட்டி, கால நல்லா உருவி விட்டுட்டுப் படு" என்று சொல்லி வைத்துவிட்டாள். அவள் அதற்கப்புறம் எங்கேயும் ஓடவில்லை.